ஜூனியர் மேலே போன நாள்

1957-ஆம் ஆண்டு. அன்றைய சென்னை மாநிலத்தில் உதவிப் பொறியாளராக இருந்த ஒருவரைத் தாண்டி, அவருக்கு இளையவர் ஒருவர் கோட்டப் பொறியாளர் ஆனார். அந்தப் பதவிக்கு இத்தனை ஆண்டு பணி முடித்திருக்க வேண்டும் என்று விதி இருந்தது. விதியைத் தளர்த்தித்தான் இளையவருக்கு உயர்வு தரப்பட்டது. தளர்த்துவதாக இருந்தால் எனக்கும் தளர்த்தியிருக்க வேண்டாமா என்று மூத்தவர் இரண்டு முறை மனு எழுதினார். இரண்டும் பலிக்கவில்லை. பிறகு இன்னும் இருவர் அவரைத் தாண்டிக் கோட்டப் பொறியாளர் ஆனார்கள். அவர் நீதிமன்றம் போகவில்லை. அந்த மூவரும் மறுபடி அவரைத் தாண்டிக் கண்காணிப்புப் பொறியாளர் ஆனார்கள். அப்போதும் போகவில்லை. 1971-ல், தலைமைப் பொறியாளர் நாற்காலி எட்டும் தூரத்துக்கு வந்தபோதுதான் ரிட் மனு போட்டார். கேள்வி கேட்டது 1957-ல் நடந்த தளர்வை!

உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி அவர் பக்கம் நியாயம் இருக்கிறது என்றே கருதினார். ஆனால் வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் 1974-ல் முடிந்தபோது அவருக்குக் கிடைத்தது தோல்வி. வெளிநாடு சென்று படித்து வந்தவர்களுக்கு மட்டுமே அந்தத் தளர்வு தரப்பட்டது என்று அரசு சொன்னதை யாரும் மறுக்கவில்லை. அது ஒரு காரணம். அந்தத் தீர்ப்பை இன்றுவரை நிலைக்கவைத்த காரணம் வேறு. மனுக்கள் பலிக்காதபோது 1957-லேயே நீங்கள் வந்திருக்க வேண்டும், அதன் பிறகும் இரண்டு வாய்ப்பு இருந்தது, பதினான்கு ஆண்டு கழித்து வருகிறீர்கள், பொரித்துக் கலக்கிய முட்டையை மறுபடி வெள்ளை வேறு கரு வேறாகப் பிரிக்கச் சொல்கிறீர்கள் என்றது நீதிமன்றம். தனக்கு இளையவருக்குத் தரப்பட்ட பதவி உயர்வால் பாதிக்கப்பட்டவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சிப்போனால் ஓராண்டுக்குள் நீதிமன்றத்தை அணுக வேண்டும் என்றும் ஓர் அளவைச் சொன்னது. பி.எஸ். சதாசிவசுவாமி எதிர் தமிழ்நாடு அரசு என்ற அந்த வழக்கு, ஐம்பது ஆண்டுகளுக்குப் பிறகும், பதவி உயர்வை எதிர்த்துத் தாமதமாக வருகிற மனுக்களுக்கு அரசுத் தரப்பு முதலில் எடுத்து நீட்டுகிற தீர்ப்பாக இருக்கிறது.

இந்தத் தீர்ப்பைப் பற்றி அரசு ஊழியர்களிடையே ஒரு கசப்பு உண்டு. தப்பு நடந்தது உண்மை என்றால் எப்போது கேட்டால் என்ன என்பார்கள். பணத்தைப் பொறுத்தவரை அந்தக் கேள்வியில் நியாயம் உண்டு. பதவி உயர்வில் அது அவ்வளவு எளிதாக இல்லை. சம்பளம் குறைத்துப் போடப்பட்டால் பாதிக்கப்பட்டவரும் அரசும் மட்டும்தான் எதிரெதிரே நிற்கிறார்கள். பதவி உயர்வு விடுபட்டால் அங்கே மூன்றாவதாக ஒருவர் இருக்கிறார். அந்த நாற்காலியில் ஏற்கெனவே உட்கார்ந்திருப்பவர். அவர் எந்தத் தப்பும் செய்திருக்கமாட்டார். பட்டியலில் பெயர் வந்தது, உத்தரவு வந்தது, வேறு ஊருக்குக் குடும்பத்தோடு போய்ச் சேர்ந்தார், பத்து ஆண்டு அந்தப் பொறுப்பில் கையெழுத்துப் போட்டார். அவருக்குக் கீழே அவரால் காலியான இடத்துக்கு இன்னொருவர் வந்தார், அந்த இன்னொருவரின் இடத்துக்கு மற்றொருவர். ஒரு பெயரை மேலே நகர்த்தினால் ஒரு வரிசையே கீழே இறங்கும்.

உச்ச நீதிமன்றம் இந்த மூன்றாவது ஆளைப் பற்றிச் சதாசிவசுவாமி வழக்குக்கு முன்பே பேசியிருக்கிறது. 1950-களில் வகுக்கப்பட்ட பணிமூப்பு விதிகளை எதிர்த்து வருமானவரி அதிகாரிகள் சிலர் சுமார் 15 ஆண்டு கழித்து நேராக உச்ச நீதிமன்றம் வந்தார்கள். ரபீந்திரநாத் போஸ் வழக்கு. அடிப்படை உரிமை மீறப்பட்டது என்று சொல்லி அரசமைப்புச் சட்டத்தின் 32-ஆவது பிரிவின் கீழ் வந்தார்கள் என்றபோதும், ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை ஏற்கவில்லை. நெடுநாளுக்கு முன் கிடைத்த நியமனமும் பதவி உயர்வும் பல ஆண்டு கழித்துப் பறிபோகாது என்று ஒருவர் நம்பி நிம்மதியாக இருக்க உரிமை உண்டு என்றது.

1986-ல் வந்த கே.ஆர். முட்கல் வழக்கு இதை இன்னும் மனிதர் நிலையிலிருந்து பார்த்தது. உளவுத் துறையில் உதவியாளர்களின் பணிமூப்பு வரைவுப் பட்டியல் 1958-ல் வெளியானது. அதைக் கேள்வி கேட்டு மனு வந்தது 1976-ல். இடையில் பதினெட்டு ஆண்டுகள். ஒரு பணியில் சேர்ந்த மூன்று நான்கு ஆண்டுக்குப் பிறகாவது ஓர் அரசு ஊழியர் தன் இடம் பறிபோகுமோ என்ற பயமில்லாமல் வேலையைப் பார்க்க விட வேண்டும் என்றது தீர்ப்பு. அடிக்கடி வழக்கு, அடிக்கடி திருத்தப் பட்டியல் என்று ஓடுகிற அலுவலகத்தில் வேலை பார்த்தவர்களுக்கு இந்த வரியின் எடை தெரியும். 'இந்தப் பட்டியல் நீதிமன்ற இறுதி உத்தரவுக்கு உட்பட்டது' என்ற ஒரு வரியைச் சுமந்துகொண்டே ஓய்வு வரைக்கும் போகிறவர்கள் இருக்கிறார்கள்.

ஆக, ஆறு மாதம் ஓராண்டு என்ற அளவு வெறும் நீதிமன்றச் சௌகரியத்துக்காக வந்ததல்ல. அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த நியாயம் முழுமையாக வேண்டுமானால் இன்னொரு பக்கத்தையும் பார்த்தாக வேண்டும். ஊழியர் ஏன் தாமதிக்கிறார்?

அலட்சியம் என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாம். நீதிமன்றங்கள் பல நேரம் அப்படித்தான் முடித்திருக்கின்றன. சென்னைக் குடிநீர் வாரியம் சம்பந்தப்பட்ட ஒரு பணிநீக்க வழக்கில், நான்கு ஆண்டு கழித்து வந்த ஊழியரைப் பற்றி 2014-ல் எழுதும்போது உச்ச நீதிமன்றம் கும்பகர்ணனையே உவமைக்கு அழைத்தது. அந்த ஒரு வழக்கில் அது பொருந்தியிருக்கலாம். தாண்டிச் செல்லப்பட்ட எல்லா ஊழியரும் தூங்கிக்கொண்டிருந்தார்கள் என்பது மட்டும் உண்மையல்ல. பெரும்பாலானவர்கள் விழித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள், மனு எழுதிக்கொண்டு.

இங்கேதான் விஷயத்தின் நடுப்பகுதி இருக்கிறது. அலுவலகத்தில் ஒருவரைத் தாண்டி ஜூனியரின் பெயர் 'பேனல்' எனப்படும் பதவி உயர்வுப் பட்டியலில் வந்துவிட்டால், பாதிக்கப்பட்டவர் முதலில் செய்வது 'ரெப்ரசன்டேஷன்' என்கிற முறையீட்டு மனு கொடுப்பது. முறையான வழியாகத்தான் கொடுக்க வேண்டும். பிரிவு கண்காணிப்பாளர் வழியாக, அலுவலகத் தலைவர் வழியாக, மாவட்டத்திலிருந்து இயக்குநரகத்துக்கு, அங்கிருந்து தலைமைச் செயலகத்துக்கு. 'பரிசீலனையில் உள்ளது' என்று ஒரு பதில். நினைவூட்டல். மறுபடி ஒரு பதில், அல்லது பதிலே இல்லை. அதிகாரி மாறுவார், புதியவரிடம் முதலிலிருந்து ஒரு மனு. அடுத்த பேனலில் உங்கள் பெயர் வந்துவிடும், இப்போது கோர்ட்டுக்குப் போய் ஏன் கெடுத்துக்கொள்கிறீர்கள் என்று நல்லெண்ணத்தோடு சொல்கிறவர் பக்கத்து இருக்கையிலேயே இருப்பார். துறையை எதிர்த்து வழக்குப் போட்டவர் என்ற பெயரோடு அதே அதிகாரியின் கீழ் நாளைக்கும் வேலை பார்க்க வேண்டும். ஊழியரின் பணியை மதிப்பிட்டு எழுதும் இந்த ஆண்டின் மந்தண அறிக்கையும் அவருடைய கையில்தான் இருக்கிறது. அமைதியாக மனு கொடுத்துக் காத்திருப்பதே நாகரிகம் என்று ஊழியர் நினைப்பதில் என்ன வியப்பு?

சட்டம் அந்த நாகரிகத்தைக் கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை. எஸ்.எஸ். ரத்தோர் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் 1989-ல் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு இதைத் தெளிவாக்கியது. விதியில் மேல்முறையீட்டுக்கோ முறையீட்டுக்கோ வழி இருந்தால், அதன் மீது உத்தரவு வந்த நாளிலிருந்து காலம் ஓடும். உத்தரவே வரவில்லையென்றால் கொடுத்து ஆறு மாதம் முடிந்த நாளிலிருந்து ஓடும். அதற்கு மேல், விதியில் இடமில்லாமல், திரும்பத் திரும்பக் கொடுக்கும் மனுக்கள் காலத்தை நிறுத்தாது. பத்தாவது நினைவூட்டலுக்கு வந்த ரசீதைப் பத்திரமாகக் கோப்பில் வைத்திருப்பவர், தன் தாமதத்துக்கான சாட்சியத்தையே தானே சேர்த்துவைத்திருக்கிறார் என்பது இந்தத் தீர்ப்பின் நடைமுறைப் பொருள். ஊழியர் சங்கங்கள் பயிற்சி வகுப்பு நடத்தினால் முதல் வகுப்பில் சொல்லித்தர வேண்டியது இதைத்தான்.

இன்னொரு வலை இதைவிட நுட்பமானது. 2008-ல் முடிந்த சி. ஜேக்கப் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது. புவியியல் மற்றும் சுரங்கத் துறை. 1982-ல் பணி முடிவுக்கு வந்த ஒருவர், சுமார் 18 ஆண்டு கழித்து 2000-ல் ஒரு மனு கொடுத்துவிட்டுத் தீர்ப்பாயம் போனார். அங்கே அவர் கேட்டது சிறிய விஷயம்: என் மனுவைப் பரிசீலிக்கச் சொல்லுங்கள். தீர்ப்பாயமும் பரிசீலிக்கும்படி உத்தரவிட்டது. துறை பரிசீலித்து நிராகரித்தது. உடனே அந்த நிராகரிப்பு உத்தரவை எதிர்த்து, புதிதாக ஒரு பிரச்சினை பிறந்ததுபோல, அடுத்த வழக்கு. இந்த விளையாட்டை உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பில் படிப்படியாகப் பிரித்துக் காட்டியது. குடிமகன் கொடுத்த மனுவுக்குப் பதில் வேண்டும்தானே, பரிசீலி என்று சொல்வதால் யாருக்கு என்ன நஷ்டம் என்று நினைத்து நீதிமன்றங்கள் இப்படி உத்தரவு போடுகின்றன. செத்துப்போன கோரிக்கைக்கு அதுவே உயிராகிவிடுகிறது. இருபது ஆண்டுக்கு முந்தைய பதிவேட்டைத் துறை எங்கே தேடும் என்று கேட்டது. பழைய கோரிக்கை மீது புதிதாக வந்த நிராகரிப்பு, கோரிக்கையைப் புதிதாக்கிவிடாது. அடுத்த ஓரிரு ஆண்டில் எம்.கே. சர்க்கார் வழக்கிலும் இதே கருத்து வந்தது.

இன்றைக்கும் உயர் நீதிமன்றத்தில் 'மனுவைப் பன்னிரண்டு வாரத்துக்குள் பரிசீலிக்கவும்' என்ற வகை உத்தரவை வாங்கிவிட்டு, வழக்கில் ஜெயித்துவிட்டோம் என்று இனிப்பு வாங்கிக்கொடுக்கும் ஊழியர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குக் கிடைத்தது ஒரு பதில் கடிதம் மட்டுமே என்பதை வழக்கறிஞர்கள் அன்றே சொல்லிவிடுவது நல்லது.

எங்கே போவது என்பதைப் பொறுத்தும் கணக்கு மாறும். மத்திய அரசு ஊழியர் என்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். 1985-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 21-ஆவது பிரிவு அங்கே ஓராண்டு என்று எழுதியே வைத்திருக்கிறது. மேல்முறையீட்டுக்குப் பதில் இல்லையென்றால் ஆறு மாதம் காத்திருந்து, அதன் பிறகு ஓராண்டு. தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் மன்னிக்கவும் இடம் உண்டு. தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கும் 1988-லிருந்து தனித் தீர்ப்பாயம் இருந்தது. 2006-ல் அது கலைக்கப்பட்டு வழக்குகள் உயர் நீதிமன்றத்துக்குப் போயின. இப்போது சென்னை அல்லது மதுரைக் கிளை. அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் அங்கே ரிட் மனு போட எழுதப்பட்ட கெடு எதுவும் இல்லை. கெடு இல்லை என்ற இந்த வார்த்தைதான் பலரை ஏமாற்றுகிறது. சதாசிவசுவாமி தீர்ப்பே இதை ஒப்புக்கொண்டுதான் பேசுகிறது: கெடு இல்லை, எவ்வளவு தாமதமானாலும் தலையிட முடியாது என்றும் இல்லை, ஆனால் நடப்பதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு வருகிறவருக்காக எங்கள் தனிச்சிறப்பு அதிகாரத்தைப் பயன்படுத்தாமல் இருப்பதே விவேகம்.

துறைக்குள்ளேயே ஒரு கெடுவும் இருந்திருக்கிறது. அதைத் தெரியாமலே பணிக்காலத்தை முடித்தவர்கள் நிறைய. 2016 வரை நடைமுறையில் இருந்த தமிழ்நாடு மாநில, சார்நிலைப் பணிகளுக்கான பொது விதிகளில் 35(எஃப்) என்று ஓர் உட்பிரிவு இருந்தது. பணிமூப்பைத் திருத்தக் கோரும் விண்ணப்பத்தை, பணியில் நியமிக்கப்பட்ட நாளிலிருந்தோ பணிமூப்பு நிர்ணயித்த உத்தரவு நாளிலிருந்தோ மூன்று ஆண்டுக்குள் நியமன அதிகாரியிடம் கொடுக்க வேண்டும் என்றது அது. அதற்குப் பிறகு வந்தால் விசாரிக்காமலே தள்ளப்படும். உண்மை விவரத்தில் நேர்ந்த பிழையைச் சரிசெய்யும் உத்தரவுகளுக்கு மட்டும் விலக்கு. பதவி உயர்வுத் தகராறுகளில் ஏராளமானவை பணிமூப்புத் தகராறுகளே. பேனலில் பெயர் வராத நாளில் ஊழியர் விழித்துக்கொள்கிறார். அவருடைய பணிமூப்பு எண் தவறாகப் போடப்பட்டது அதற்கு எட்டு ஆண்டுக்கு முன்பு. அந்தப் பட்டியலை அவர் பார்த்தாரா?

இதைத்தான் அழுத்திக் கேட்க வேண்டும். பட்டியலை அவர் பார்த்தாரா, யாராவது அவருக்குக் காட்டினார்களா?

பார்க்காத ஒன்றால் பதவி உயர்வு இழந்த ஒருவருடைய வழக்கு தேவ் தத் வழக்கு. எல்லைச் சாலைகள் அமைப்பில் செயற்பொறியாளர். கண்காணிப்புப் பொறியாளர் ஆவதற்கு முந்தைய ஐந்து ஆண்டு மந்தண அறிக்கைகளில் 'மிக நன்று' இருக்க வேண்டும். ஒரே ஓர் ஆண்டில், 1993-94-ல், அவருக்கு 'நன்று' என்று எழுதப்பட்டிருந்தது. மோசமான குறிப்பு என்றால் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது அப்போதைய நடைமுறை. 'நன்று' மோசமான குறிப்பா? ஆகவே தெரிவிக்கவில்லை. இளையவர்கள் மேலே போனார்கள். அவர் வழக்காடி, இடையில் ஓய்வும் பெற்று, 2008-ல் உச்ச நீதிமன்றத்தில் வென்றார். எந்தக் குறிப்பாக இருந்தாலும், நல்லதோ கெட்டதோ, அதை ஊழியருக்குத் தெரிவித்தே ஆக வேண்டும், அதன் மீது முறையிட வாய்ப்புத் தர வேண்டும் என்றது தீர்ப்பு. 2013-ல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இதை உறுதிசெய்தது. 'நன்று' என்ற குறிப்பே ஒருவரைத் தேக்கிவிட முடிகிற முறையில், அறிக்கையை மறைத்துவைத்துக்கொண்டு 'ஏன் அப்போதே வரவில்லை' என்று கேட்பது அநியாயம். அந்த அநியாயத்தை இந்தத் தீர்ப்பு ஓரளவு அடைத்தது.

தாமதத்தை மன்னித்த வழக்குகளும் உண்டு. சதாசிவசுவாமி தீர்ப்புக்கு ஓராண்டு முன்னால், 1973 இறுதியில், அதே உச்ச நீதிமன்றம் ராமச்சந்திர சங்கர் தேவதர் வழக்கைத் தீர்த்தது. மொழிவழி மாநிலப் பிரிவினையின்போது பழைய ஹைதராபாதிலிருந்து பம்பாய்க்கு வந்து சேர்ந்த வட்டாட்சியர்கள் அவர்கள். துணை ஆட்சியர் பதவி உயர்வில் தங்களுக்குச் சம வாய்ப்பு மறுக்கப்படுகிறது என்று பத்துப் பன்னிரண்டு ஆண்டுத் தாமதத்தோடு வந்தார்கள். நீதிமன்றம் கதவைச் சாத்தவில்லை. அங்கே பதவி உயர்வுகள் எல்லாம் தற்காலிகமாகவே தரப்பட்டிருந்தன. ஆகவே யாருடைய நிலைத்த உரிமையும் கலையாது. மூன்றாவது ஆளின் நாற்காலி அங்கே இன்னும் உறுதியாகவில்லை. அதனால் தாமதமும் தடையாகவில்லை. இந்த இரண்டு தீர்ப்பையும் அடுத்தடுத்து வைத்துப் படித்தால் ஆண்டுக் கணக்கைவிட, இடையில் யார் என்ன நம்பி என்ன செய்துவிட்டார்கள் என்பதே முக்கியம் என்று புரியும்.

தமிழ்நாட்டில் அந்தப் பழைய பொது விதிகளின் 39-ஆவது விதியின் கீழ் 'தற்காலிகமாக' என்று போட்டுத் தரப்பட்ட பதவி உயர்வுகள் ஆண்டுக்கணக்கில் அப்படியே தொடர்ந்ததை இங்கே நினைத்துப் பார்க்கலாம். முறைப்படுத்தாமல் இழுத்தடிக்கும் ஒவ்வொரு ஆண்டும், மேலே போனவரையும் கீழே நிற்பவரையும் சேர்த்தே அந்தரத்தில் தொங்கவிடுகிறது.

சம்பளம், ஓய்வூதியம் போன்றவற்றில் சட்டம் இளகுகிறது. சம்பளம் தப்பாக நிர்ணயிக்கப்பட்டால் ஒவ்வொரு மாதமும் அந்தத் தப்பு புதிதாக நடக்கிறது என்று 1995-ல் எம்.ஆர். குப்தா என்ற ரயில்வே ஊழியரின் வழக்கில் சொன்னார்கள். ராணுவத்திலிருந்து 1983-ல் உடல்நலக் காரணத்தால் வெளியேறி 1999-ல் ஊனமுற்றோர் ஓய்வூதியம் கேட்டு வந்தவரின் வழக்கில், 2008-ல், ஓய்வூதியம் உண்டு, ஆனால் பழைய பாக்கி மூன்று ஆண்டுக்கு மட்டும் என்றார்கள். இரண்டு தீர்ப்பிலும் கவனிக்க வேண்டிய ஒன்று பொதுவாக இருக்கிறது. குப்தா வழக்கில், சம்பளத்தைத் திருத்தலாம், அதைத் தொட்டு வரும் பதவி உயர்வுக் கோரிக்கைக்குத் தாமதம் குறுக்கே நிற்கும் என்றார்கள். ராணுவ வீரர் வழக்கில், பணிமூப்பு, பதவி உயர்வு போல மற்றவர்களைப் பாதிக்கும் விஷயம் என்றால் இந்தச் சலுகை கிடையாது என்றார்கள். கோடு அங்கேதான் கிழிக்கப்படுகிறது.

அப்படியானால் பதவி வேண்டாம், பெயரளவு உயர்வும் ஓய்வூதியப் பலனும் மட்டும் கொடுங்கள் என்று கேட்டால்? இன்றைய உத்தராகண்டில் 1983-ல் இளையவருக்குத் தரப்பட்ட தற்காலிக உயர்வை வைத்து ஏறத்தாழ இருபது ஆண்டு கழித்து வந்தவர்களுக்கு உயர் நீதிமன்றம் அப்படித் தந்தது. 2013-ல் உச்ச நீதிமன்றம் அதையும் ரத்து செய்தது. அந்த இளையவரே அதற்குள் ஓய்வு பெற்றுவிட்டார்.

பக்கத்து மேசைக்காரர் வழக்குப் போட்டிருக்கிறார், அவருக்குக் கிடைத்தால் நமக்கும் கிடைக்கும் என்று உட்கார்ந்திருப்பதும் ஆபத்து. வேலிமேல் உட்கார்ந்திருப்பவர்கள் என்று நீதிமன்றங்கள் இவர்களுக்குப் பெயரே வைத்துவிட்டன. உத்தரப் பிரதேச ஜல் நிகம் ஊழியர்கள் ஓய்வு வயது வழக்கில், முதலில் போனவர்களுக்குக் கிடைத்தது, தீர்ப்பு வந்தபின் ஓடிவந்தவர்களுக்குக் கிடைக்கவில்லை. எல்லோருக்கும் பொருந்தும் கொள்கைத் தீர்ப்பாக இருந்தால் வேறு கதை என்று 2014-ல் அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கில் விளக்கினார்கள். எந்தத் தீர்ப்பு எந்த வகை என்று முன்கூட்டித் தெரிந்துகொள்ள வழியில்லை என்பதுதான் சிக்கல். வழக்குப் போடுகிறவர் இன்னொன்றையும் மறக்கக் கூடாது. தன்னைத் தாண்டிப் போனவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். கூட வேலை பார்த்தவரின் பெயரை மனுவில் எழுதத் தயங்கி அரசை மட்டும் எதிர்மனுதாரராக வைத்தால், தாமதத்தில் தப்பினாலும் வழக்கு அதில் விழுந்துவிடும்.

தேர்வாணையம் வழியாக வந்தவர்களின் பணிமூப்பை இடஒதுக்கீட்டுச் சுழற்சி வரிசைப்படி வைப்பதா, தேர்வில் எடுத்த மதிப்பெண் தரவரிசைப்படி வைப்பதா என்ற தகராறு, பட்டியல் ஒன்று முடிவாகாமல் நீண்டால் என்ன ஆகும் என்பதற்குத் தமிழ்நாட்டு உதாரணம். சுழற்சி என்பது ஆள் எடுப்பதற்கான முறை, பணிமூப்புக்கு அது அடிப்படையாகாது என்று 2003-லேயே ஹரியானா வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. இங்கே 2015-ல் உயர் நீதிமன்றம் அதைச் சொன்னது. 2016-ல் அரசு பணி நிபந்தனைச் சட்டம் கொண்டுவந்து பழைய முறைக்கு உயிர் கொடுத்தது. 2019 நவம்பரில் உயர் நீதிமன்றம் அந்தச் சட்டத்தின் பணிமூப்புப் பிரிவைச் செல்லாது என்றது. 2003-க்கும் 2019-க்கும் இடையே எத்தனை பேனல்கள் போடப்பட்டிருக்கும்! அந்தக் காலத்தில் தனி ஊழியர் ஒருவர் ஓராண்டு தாமதித்தால் அது அவருடைய குற்றம் என்று சொல்கிற அதே அமைப்பு, தான் எடுத்துக்கொண்ட பதினாறு ஆண்டுக்கு யாருக்கும் பதில் சொல்லவில்லை.

இந்த ஏற்றத்தாழ்வு மேற்கு வங்கத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் இன்னும் கூர்மையாகத் தெரிகிறது. அறிவியல் அலுவலர் ஒருவர். தலைமை அறிவியல் அலுவலர் பதவிக்கு அவர் பெயரை அரசுப் பணியாளர் தேர்வாணையம் 2016 டிசம்பர் 29-ல் பரிந்துரைத்தது. டிசம்பர் 31-ல் அவர் ஓய்வு பெற்றார். இறுதி ஒப்புதல் கையெழுத்தானது 2017 ஜனவரி 4-ல். நான்கு நாள். தாமதம் முழுக்க நிர்வாகத்தின் பக்கம். மாநிலத் தீர்ப்பாயமும் உயர் நீதிமன்றமும் பெயரளவு நிதிப் பலன் தரச் சொன்னதை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பதவி உயர்வு என்பது அந்தப் பதவியில் பொறுப்பேற்ற நாளிலிருந்துதான் நடைமுறைக்கு வரும், ஓய்வுக்குப் பிறகு பின்தேதியிட்டுத் தர முடியாது. பரிசீலிக்கப்படும் உரிமைதான் அடிப்படை உரிமை, பதவி உயர்வே உரிமையல்ல என்பது காரணம். சட்டப்படி இதில் குறை காண்பது கடினம். ஆனால் ஊழியர் ஓராண்டு தாமதித்தால் அவர் இழக்கிறார், அரசு தாமதித்தாலும் அவரே இழக்கிறார் என்ற நிலையை இயல்பு என்று ஏற்றுக்கொள்ளவும் முடியாது.

அதற்காகக் கெடுவைத் தளர்த்துங்கள் என்று கேட்பதில் பொருளில்லை. அது இன்னொரு ஊழியரின் நிம்மதியைப் பறித்து இவருக்குக் கொடுப்பதாக முடியும். கேட்க வேண்டியது, கெடு எப்போது தொடங்கும் என்பதை நேர்மையாக்குங்கள் என்று. தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005-லேயே, பிரிவு 4(1)(டி)-யில், நிர்வாக முடிவுகளுக்கான காரணத்தை அதனால் பாதிக்கப்படுபவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று பொது அதிகார அமைப்புகளுக்குக் கடமை வைத்திருக்கிறது. யாரும் மனு போட்டுக் கேட்க வேண்டியதில்லை. தானாகவே செய்ய வேண்டிய பட்டியலில் அது இருக்கிறது. பேனல் வெளியாகும் அன்றே, பரிசீலனை வளையத்தில் இருந்து விடுபட்ட ஒவ்வொருவருக்கும் விடுபட்ட காரணம் எழுத்தில் போக வேண்டும். ஒழுங்கு விதி 17(பி)-யின் கீழ் குற்றச்சாட்டு நிலுவையா, துறைத் தேர்வு பாக்கியா, பணிமூப்பு எண் எட்டவில்லையா என்று ஒரு வரி போதும். அந்தக் கடிதத்தை அவர் பெற்றுக்கொண்ட தேதியிலிருந்து ஆறு மாதம் எண்ணினால் யாரும் குறைசொல்ல முடியாது.

அதுவரை ஊழியர் தன் கையில் உள்ளதைச் செய்துகொள்ள வேண்டியதுதான். வரைவுப் பணிமூப்புப் பட்டியல் சுற்றுக்கு வரும்போது கையெழுத்துப் போட்டுவிட்டுத் தள்ளாமல் தன் பெயருக்கு மேலும் கீழும் உள்ள பெயர்களைப் படிப்பது. ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்துத் தேதி போட்ட ஒப்புகை வாங்குவது. பட்டியல் தரப்படவில்லை என்றால் முப்பது நாளில் பதில் தர வேண்டிய தகவல் உரிமை மனுவை அந்த வாரமே அனுப்புவது. ஒரு முறையீடு, ஆறு மாதம் வரை காத்திருப்பு, பிறகு வழக்கறிஞர். இரண்டாவது நினைவூட்டலுக்குப் பதிலாக மனுதாக்கல் செய்வதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை. 1957-ல் இரண்டு மனு தோற்ற அந்த ஆண்டிலேயே அந்தப் பொறியாளர் நீதிமன்றம் போயிருந்தால், விதித் தளர்வு யார் யாருக்கு எந்த அடிப்படையில் தரப்பட்டது என்று அரசு அன்றைய கோப்பைத் திறந்து காட்டியாக வேண்டியிருந்திருக்கும்.